துர்கா துப்பிய சொட்டு

சுகாதாரப் படம் எடுக்க வந்திருக்கும் இளையவர்களே, நீங்கள் என்னைப் பார்க்க வந்தால் கேமரா பற்றியும் எடிட்டிங் பற்றியும்தான் கேட்கிறீர்கள். அதெல்லாம் என்னைவிட உங்களுக்கு நன்றாகத் தெரியும். நான் பழகிய கருவிகளை இன்று பழைய இரும்புக்காரர்கூட எடுத்துக்கொள்ள மாட்டார். அதனால் அந்தப் பேச்சை விட்டுவிட்டு, முடிந்துபோய்ப் பெட்டியில் அடைத்த ஒரு படத்தை நாங்கள் எப்படித் திரும்ப எடுத்தோம் என்பதைச் சொல்கிறேன். என் வேலையில் எனக்கு மிகவும் நிறைவு தந்த படம் அதுதான்.

தொண்ணூறுகளின் பிற்பகுதி. கல்யாணமாகி டெல்லிக்கு வந்து, என் கணவருக்குக் கிடைத்த ஆர்.கே.புரம் குவார்ட்டர்ஸில் குடியிருந்தேன். சுகாதாரத் துறைக்குப் படம் செய்துகொடுக்கும் ஒரு சிறிய பிரிவில் எனக்கு வேலை. போலியோ சொட்டு மருந்துக்காக ஞாயிற்றுக்கிழமைகளில் தெருவுக்குத் தெரு ஷாமியானா போட்டு மேசை வைக்க ஆரம்பித்திருந்த காலம் அது. அதற்கு முன்னால், சாயங்காலங்களில் எங்கள் வேன் குடிசைப் பகுதிகளுக்குப் போய்த் திரை கட்டிப் படம் போடும்.

எங்களுடைய முதல் படம் பயமுறுத்தும் படம். இருட்டு, சோக இசை, சுவரில் சாய்த்து வைத்த ஊன்றுகோல். அதைத் திரையிட்டபோது தாய்மார்கள் பிள்ளைகளின் கண்களைப் பொத்தித் தூக்கிக்கொண்டு வீட்டுக்குள் போய்விட்டார்கள். எங்கள் பிரிவின் தலைவர் அதை வேனுக்குப் பக்கத்தில் நின்று பார்த்தார். அலகாபாத் பக்கத்துக்காரர். அதிகம் பேசமாட்டார். திரும்பி வரும்போது, "பயந்தவன் ஓடுவான், வரிசையில் வந்து நிற்கமாட்டான். அடுத்த படத்தில் ஒரு குழந்தை சிரிக்கட்டும்" என்று மட்டும் சொன்னார்.

அந்தச் சிரிக்கும் குழந்தையைத் தேடித்தான் நான் தெற்கு டெல்லியில் சாக்கடை ஓடை ஓரமாக இருந்த ஒரு தமிழர் குடியிருப்புக்குப் போனேன். பெரும்பாலும் விழுப்புரம் பக்கத்திலிருந்து வந்தவர்கள். பெண்கள் அக்கம்பக்கத்துப் பங்களாக்களில் வீட்டு வேலை செய்தார்கள். பங்களாவுக்கு அங்கே 'கோட்டி' என்று பெயர். அரசு டிஸ்பென்சரியில் நர்ஸாக இருந்த கிரேஸ் அக்கா நாசரேத்துக்காரர். நான் பாளையங்கோட்டை என்று தெரிந்ததும், "அப்பம் நீ நம்ம பிள்ளைல்லா" என்று சொல்லிக் கையோடு கூட்டிப்போய்க் காட்டிய வீடுதான் செல்வியின் வீடு. செல்வி கோட்டி வேலைக்குப் போகிறவள். கணவர் ஏழுமலை பெயின்டர். மகள் துர்காவுக்கு இரண்டு வயது. கன்னத்தில் திருஷ்டிப் பொட்டும் எண்ணெய் வழியும் தலையுமாக, யாரைப் பார்த்தாலும் சிரிக்கிற குழந்தை.

தீபாவளி கழிந்து ஒரு காலையில் படப்பிடிப்பு. ஒரு ஷாட்டைப் பலமுறை எடுக்க வேண்டியிருக்கும் என்பதால், ஒவ்வொரு தடவையும் குழந்தையின் வாயில் நிஜ மருந்தை விடுவதற்கு மருத்துவ அதிகாரி சம்மதிக்கவில்லை. அதில் நியாயமும் இருந்தது. டிஸ்பென்சரியில் கொதிக்கவைத்து ஆறவைத்த தண்ணீரில் சர்க்கரையும் துளி ரோஸ் நிறமும் கலந்து, காலி மருந்துக் குப்பியில் ஊற்றி வைத்துக்கொண்டோம். துர்காவுக்குப் பின்னால் வரிசையில் நிற்க அதே சந்துப் பிள்ளைகள் கொஞ்சம் பேர். இது ஷூட்டிங், மருந்து கிடையாது என்று எங்கள் உதவியாளர் ஒலிபெருக்கியில் இந்தியில் அறிவித்தார். கிரேஸ் அக்கா வாயில் சொட்டை விட்டதும் துர்கா சப்புக்கொட்டிவிட்டுக் கேமராவைப் பார்த்து இன்னொரு சொட்டுக்கு வாயைத் திறந்து சிரித்தாளே, அந்த மாதிரி ஒரு ஷாட் எனக்கு அதற்கு முன் கிடைத்ததில்லை. கேமராமேன் குல்தீப் கேமராவைத் தோளிலிருந்து இறக்கிவிட்டு என் கையைப் பிடித்துக் குலுக்கினார்.

படம் தயாரானது. கேசட்டுகள் பிரதியெடுத்து, வேன்களுக்கு அனுப்புவதற்காகப் பெட்டிகளில் அடுக்கி வைத்தாயிற்று. அந்த நேரத்தில்தான் கிரேஸ் அக்காவிடமிருந்து ஆபீஸுக்கு போன் வந்தது.

"ஏம்மா, துர்காவ ஆஸ்பத்திரில சேத்துருக்கு. பேதியும் வாந்தியுமா கெடக்கா. ட்ரிப்ஸ் ஏறுது."

"ஐயோ! எப்படி இருக்கா அக்கா இப்போ?"

"பிள்ள தப்பிச்சிருவா, டாக்டர் சொல்லிட்டாரு. ஆனா சந்து பூரா வேற பேச்சால்லா ஓடுது. சினிமாக்காரங்க குடுத்த மருந்தாலதான் இப்பிடி ஆச்சுன்னு சொல்லுதாங்க. ஞாயித்துக்கெழம ஒருத்தியும் வரமாட்டா போலுக்கு."

தண்ணீரைப் பற்றிக் கேட்க எனக்கு வாய் வரவில்லை. அவரே சொன்னார்: "தண்ணி நான் கொதிக்க வச்சது. அதே பாத்திரத்துல மிச்சம் இருந்ததுல டீ போட்டு நானும் எங்க டிஸ்பென்சரி டாக்டரும் குடிச்சோம். இங்க குழாத் தண்ணில சாக்கட கலந்துருக்கு. ஷூட்டிங் பக்கமே வராத பிள்ளைகளும் இதே பேதியோட டிஸ்பென்சரிக்கு வந்துட்டுதான் இருக்கு."

தலைவரின் அறைக்குப் போய் எல்லாவற்றையும் சொன்னேன். மருத்துவ அதிகாரியும் அங்கே இருந்தார். அவர் சொன்னது எளிமையாக இருந்தது: "அது மருந்தே இல்லை, சர்க்கரைத் தண்ணீர் என்று சொல்லிவிடுங்கள். மருந்தின் மேல் விழுந்த பழி தீர்ந்துவிடும்."

தலைவர் தலையை ஆட்டவில்லை. "சொன்னால் மருந்து தப்பிக்கும், படம் தப்பிக்காது. திரையில் கொடுப்பது தண்ணீர் என்று ஒரு சந்தில் தெரிந்தால் டெல்லி முழுக்கத் தெரியும். அப்புறம் நாம் எதைக் காட்டினாலும் தண்ணீர்தான்."

"அப்படியென்றால் பேசாமல் இருப்பதா?" என்றார் அதிகாரி.

"குழந்தை பிழைத்துவிட்டது. கொஞ்ச நாளில் பேச்சும் அடங்கும்" என்றார் தலைவர். அப்படிச் சொல்லும்போது அவர் என் முகத்தைப் பார்க்கவில்லை. அவருக்கே அந்த யோசனை பிடிக்கவில்லை என்பது தெரிந்தது.

இரண்டு பேர் சொன்னதும் தவறென்று சொல்ல முடியாது. உங்களுக்கும் ஒரு நாள் இப்படி வரும். இரண்டு பக்கமும் நியாயம் இருக்கும், யோசிக்க நேரம் இருக்காது. அப்போது நான் செய்தது ஒன்றுதான். இதில் யாருக்கு முதலில் பதில் சொல்ல வேண்டும் என்று கேட்டுக்கொண்டேன். சந்துக்கா, துறைக்கா, படத்துக்கா என்று யோசித்தால் குழப்பமாக இருந்தது. செல்விக்கு என்று நினைத்ததும் தெளிந்துவிட்டது.

"கேசட் பெட்டிகளை இன்றைக்கு அனுப்ப வேண்டாம் சார். முதலில் அந்தத் தாயிடம் சொல்லிவிட்டு வருகிறேன்" என்றேன்.

 தலைவர் டெலிபோனை எடுத்து, பெட்டிகளை நிறுத்தி வைக்கச் சொன்னார்.

ஆஸ்பத்திரியில் குழந்தைகள் வார்டில் ஒரு கட்டிலில் இரண்டு குழந்தைகள். துர்கா ஒருக்களித்துப் படுத்துத் தூங்கிக்கொண்டிருந்தாள். செல்வி அவள் காலடியில் உட்கார்ந்திருந்தாள். என்னைப் பார்த்ததும் எழுந்திருக்கவில்லை, முகத்தைத் திருப்பிக்கொள்ளவும் இல்லை.

"செல்வி, உன்கிட்ட ஒண்ணு சொல்லணும். அன்னைக்கு ஷூட்டிங்ல துர்காவுக்குக் குடுத்தது மருந்து இல்ல. கொதிக்க வச்ச தண்ணில சர்க்கரை போட்டது."

கத்துவாள் என்றுதான் எதிர்பார்த்தேன். அவள் புரியாமல் என்னைப் பார்த்தாள். பிறகு மெதுவாகக் கேட்டாள்:

"அப்பறம் போலியோ தவாய்? அந்த மருந்து?"

"அது ஞாயித்துக்கிழமைதான்."

"இவளுக்கு இன்னும் குடுக்கவே இல்லயா மேடம்?" அவள் குரல் உயர்ந்தது. "நான் குடுத்தாச்சுன்னுல்ல இருந்தேன்! ஞாயித்துக்கெழம கோட்டில பார்ட்டி இருக்குது, வரேன்னு சொல்லி வச்சிருக்கேன். எம்புள்ளதான் போட்டோ புடிச்சு குடிச்சிட்டாளே, இன்னும் எதுக்குன்னு இருந்தேன். அந்த லைன்ல நின்னாங்களே, ராணி புள்ள, அஞ்சல புள்ள, எல்லாருமே குடுத்தாச்சுன்னுதான் இருக்காங்க."

 தண்ணீரால் நோய் வந்ததா, மருந்தின் பெயர் கெட்டதா, படம் விழுமா என்று நாங்கள் மூன்று பேரும் அறைக்குள் உட்கார்ந்து பேசினோம். வரிசையில் நின்ற பிள்ளைகள் சொட்டு மருந்து இல்லாமலே அந்தக் குளிர்காலத்தைக் கடக்கப்போகிறார்கள் என்பது எங்களில் ஒருவருக்கும் தோன்றவில்லை. நாங்கள் பேசாமல் இருந்திருந்தால், சொட்டு மருந்துக்காக எடுத்த படமே அந்தப் பிள்ளைகளுக்கு மருந்து கிடைக்காமல் செய்திருக்கும். அதற்கு முந்தைய மழைக்காலத்தில்தான் ஓடைக்கு அந்தப் பக்கத்துக் குடியிருப்பில் ஒரு குழந்தைக்குப் போலியோவில் கால் துவண்டுபோயிருந்தது. கிரேஸ் அக்காதான் அதை ஆஸ்பத்திரிக்குத் தூக்கிப்போனவர்.

"ஒலிபெருக்கில சொன்னாங்களே" என்று முனகினேன்.

"அது இந்தில ஏதோ வேகமா சொன்னாங்க. எவ கேட்டா? புள்ளைங்க கத்திக்கினு இருந்துச்சு. வெள்ளச் சட்ட போட்ட நர்ஸம்மா வாயில ஊத்துனா அது மருந்துன்னுதானே நெனப்போம்?"

 "வீடு வீடாப் போய்ச் சொல்லணும், செல்வி" என்றேன்.

"நீங்க மட்டும் போனா அடிக்க வருவாங்க. இன்னிக்கு இவள வீட்டுக்கு உடுறாங்க. நானும் வரேன்" என்றாள்.

அன்று மாலை, கிரேஸ் அக்கா, செல்வி, நான் மூவருமாகச் சந்துக்குள் போனோம். குழாயடியில் பெண்கள் கூடினார்கள். செல்வி குழந்தையை இடுப்பில் வைத்துக்கொண்டு பக்கத்தில் நிற்க, நானே தமிழில் சொன்னேன். அது தண்ணீர் என்றும், ஏன் தண்ணீர் என்றும், அந்தப் பிள்ளைகளுக்கு இன்னும் மருந்து கொடுக்கவில்லை என்றும் சொன்னேன். குழாய்த் தண்ணீரைக் கொதிக்கவைத்துக் குடிக்கும்படி கிரேஸ் அக்கா சொன்னார். சிலர் சிரித்தார்கள். ராணி என்ற பெண் தலையில் அடித்துக்கொண்டாள். ஏழுமலை கூட்டத்தைப் பிளந்துகொண்டு வந்தார். வேலையிலிருந்து நேராக வந்திருந்தார். முகத்திலும் கையிலும் வெள்ளைப் பெயின்ட் திட்டுத்திட்டாக இருந்தது.

"அன்னிக்குத் தண்ணிய மருந்துன்னு குடுத்தீங்க. ஞாயித்துக்கெழம மருந்துன்னு எதக் குடுப்பீங்க? யாரு கண்டா?"

கிரேஸ் அக்கா ஏதோ சொல்ல வாயெடுத்தார். நான் அவர் கையைப் பிடித்துக்கொண்டேன். ஏழுமலையின் கேள்வி சரியான கேள்வி. அதற்கு வாயால் பதில் சொல்லிப் பயனில்லை.

செல்விதான் கேட்டாள். "மேடம், உங்க வீட்ல சின்னப் புள்ள இருக்குதா?"

"இருக்கா. நாலு வயசு."

"ஞாயித்துக்கெழம அவளயும் இங்கயே கூட்டியாங்க. எங்க கண்ணு முன்னாடி குப்பிய ஒடைங்க. மொதல்ல உங்க பொண்ணு, அதே குப்பிலேர்ந்து எம்பொண்ணு. டீக் ஹை? சரிதானே?"

"டீக் ஹை" என்றேன்.

"அப்பறம் உங்க கேமராவும் வரட்டும். ஆனா ஒரே ஒரு தடவதான். திரும்ப ஊத்து, திரும்ப சிரின்னெல்லாம் கேக்கக் கூடாது. எம்மூஞ்சிய ஊரு பூரா காட்டப் போறீங்கல்ல, அது நெசமா இருக்கட்டும்."

ஏழுமலை வீட்டுக்குள் போய்விட்டார்.

வீட்டில் என் கணவரிடம் சொன்னபோது அவர் பத்திரிகையை மடித்து வைத்தார். "ஒனக்கு என்ன கிறுக்கா பிடிச்சிருக்கு? நம்ம செக்டார்லயே மேச போடுதாங்க. பேதி ஓடுத எடத்துக்குப் பிள்ளையக் கூட்டிட்டுப் போணுமாக்கும்?"

"அவங்க பிள்ளைகள நாம அங்கதான வச்சு மருந்து குடுக்கப் போறோம்?" என்றேன்.

 ஞாயிற்றுக்கிழமை காலையில் அவர் மகளுக்கு ஸ்வெட்டரும் குல்லாவும் மாட்டிவிட்டு, கொதிக்கவைத்த தண்ணீரை பாட்டிலில் ஊற்றித் தானே பையில் வைத்துக்கொண்டு, எனக்கு முன்னால் பஸ் ஸ்டாப்பில் போய் நின்றார்.

குடியிருப்பின் வாசலில் ஷாமியானா போட்டிருந்தார்கள். மேசை மேல் ஐஸ் பெட்டி. பெண்கள் தள்ளித்தள்ளி நின்று பார்த்துக்கொண்டிருந்தார்கள். வரிசை என்று ஒன்றும் இல்லை. ஏழுமலை சந்து முனையில் இருந்த மின்கம்பத்தின் பக்கத்தில் எங்களுக்கு முதுகைக் காட்டி நின்றிருந்தார். குல்தீப்பிடம், "கேமராவை ஓட விட்டுவிடுங்கள். நான் 'கட்' சொல்லப் போவதில்லை" என்றேன். அவர் என்னை ஒரு மாதிரிப் பார்த்துவிட்டுக் கேமராவைத் தோளில் தூக்கிக்கொண்டார்.

கிரேஸ் அக்கா புதுக் குப்பியை எடுத்து எல்லோருக்கும் தெரியும்படி உயர்த்திக் காட்டித் திறந்தார். முதலில் என் மகள். முகத்தைச் சுளித்துக்கொண்டு விழுங்கிவிட்டு, மருந்து குடித்ததற்கு அடையாளமாக விரலில் மை வைத்ததும் அதை ஊதிப் பார்த்துக்கொண்டிருந்தாள். அடுத்தது துர்கா.

போன தடவைச் சர்க்கரை அவளுக்கு நினைவிருந்திருக்க வேண்டும். கிரேஸ் அக்காவைப் பார்த்ததும் தானே வாயைத் திறந்தாள். சொட்டு நாக்கில் பட்டதும் அவள் முகம் மாறியதே! உலகமே தன்னை ஏமாற்றிவிட்டது போல ஒரு பார்வை. அப்புறம் 'தூ' என்று கிரேஸ் அக்காவின் வெள்ளை உடுப்பின் மேலேயே துப்பிவிட்டு, வீறிட்டு அழ ஆரம்பித்தாள்.

 கிரேஸ் அக்கா, "அட வாயாடி! என்மேலயே துப்புதியா நீ? இரு, விடமாட்டேன் ஒன்ன" என்று சொல்லிக் கன்னத்தை மெல்ல அழுத்தி மறுபடியும் சொட்டை விட்டார். மருந்தைத் துப்பினால் திரும்பக் கொடுக்க வேண்டும் என்பது விதி. அது படத்துக்காகச் செய்தது இல்லை. அந்த நேரம் பார்த்து யாரோ ஒரு பெண்ணின் முழங்கை கேமராவுக்குக் குறுக்கே வந்தது. முழங்கை விலகியபோது துர்கா விழுங்கியிருந்தாள். செல்வி வாய்விட்டுச் சிரித்துக்கொண்டிருந்தாள். துர்கா மட்டும் சிரிக்கவே இல்லை.

"நெசம்தான்டி!" என்று ராணி கூவினாள். "சக்கரத் தண்ணின்னா துப்புவாளா?" அவள்தான் தன் பிள்ளையைத் தூக்கிக்கொண்டு முதலில் வந்தாள். அவளுக்குப் பின்னால் அஞ்சலை. அதற்குப் பின்னால் வரிசை தானாக வளர்ந்தது. மத்தியானத்துக்குள் ஐஸ் பெட்டியில் இருந்த குப்பிகள் தீர்ந்து, டிஸ்பென்சரிக்கு ஆள் அனுப்பினார்கள். என் கணவர் மேசைக்குப் பின்னால் நின்றுகொண்டு, அழுகிற பிள்ளைகளிடம் மை வைத்த விரலைக் காட்டச் சொல்லி வேடிக்கை செய்துகொண்டிருந்தார்.

பழைய ஷாட்டை நீக்கிவிட்டுப் புதியதை வைத்துத் தலைவருக்குப் போட்டுக் காட்டினேன். முழங்கை வருகிற இடத்தில், "இதை வெட்டிவிடட்டுமா சார்?" என்று கேட்டேன்.

"அதை வெட்டினால் நீ வேறு எதையோ மறைக்கிறாய் என்று நினைப்பார்கள். இருக்கட்டும்" என்றார். படம் முடிந்ததும், "குழந்தை சிரிக்க வேண்டும் என்று நான் சொன்னது தப்பு. தாய் சிரித்தால் போதும்" என்றார்.

அதன் பிறகு நான் எடுத்த எந்தப் படத்திலும் மருந்துக்குப் பதிலாக வேறு எதையும் வைத்ததில்லை. நிஜ மேசை, நிஜ நாள், கிடைத்த ஷாட். கூட்டத்தில் அறிவிப்புச் செய்தால் அது யார் காதில் விழுந்தது என்று போய்க் கேட்டுவிட்டுத்தான் கேமராவைத் தொடுவோம். உங்களிடம் இப்போது இருக்கும் கருவிகளை வைத்துக்கொண்டு குழந்தையை எப்படி வேண்டுமானாலும் சிரிக்க வைத்துவிடலாம். செய்வதற்கு முன்னால், அந்தக் குழந்தையின் தாய் அதைப் பார்த்துவிட்டு என்ன நினைத்துக்கொண்டு வீட்டுக்குப் போவாள் என்று ஒரு நிமிடம் யோசியுங்கள். உங்களுக்கு நான் சொல்ல நினைத்தது இவ்வளவுதான்.

அடுத்த சுற்று சொட்டு மருந்துக்கு முன்னால் அந்தப் படத்தை முதலில் துர்காவின் சந்தில்தான் போட்டோம். குளிர் கடுமையாக இருந்தும் போர்வையைப் போர்த்திக்கொண்டு எல்லோரும் வந்து உட்கார்ந்திருந்தார்கள். துர்கா துப்பியபோது எழுந்த சிரிப்பில் திரையே ஆடியது. படம் முடிந்து வேன்காரர் வயர்களைச் சுருட்ட ஆரம்பித்தபோது ஏழுமலை என் பக்கத்தில் வந்து நின்றார்.

"மேடம், பின்னால ஓட்டி இன்னொரு தபா போட முடியுமா?"

"ஏன், சரியாத் தெரியலையா?"

"அன்னிக்கு நான் முதுகக் காட்டிக்கினு நின்னுட்டேன்" என்றார், தரையைப் பார்த்தபடி. "எம்பொண்ணு மருந்து குடிச்சத எல்லாரும் பாத்தாங்க. நான்தான் பாக்கல."

இன்னொரு குடியிருப்பில் காத்திருப்பார்கள் என்று வேன்காரர் முணுமுணுத்தார். காத்திருக்கட்டும் என்று சொல்லி, கேசட்டைப் பின்னுக்கு ஓட்டச் சொன்னேன். துர்கா மறுபடியும் வாயைத் திறந்தாள், மறுபடியும் துப்பினாள். சந்தே மறுபடியும் சிரித்தது. ஏழுமலை மட்டும் சிரிக்காமல், திரைக்கு வெகு அருகில் போய் நின்று, மகள் விழுங்கும்வரை பார்த்துக்கொண்டிருந்தார்.